தோல்வியும் இல்லை, அழைப்பும் இல்லை

கால்பந்து என்ற சொல்லைக் கேட்டவுடன் நம் மனக்கண் முன் வந்து நிற்பவை உருண்டையான ஒரு பந்தும், அதனைக் கையால் தொடாமல் காலாலும் தலையாலும் செலுத்தும் இருபத்திரண்டு ஆட்டக்காரர்களுமே. கொல்கத்தா மைதானத்தில் ஒரு மாலைப் பொழுதையேனும் கழித்திருக்கும் தமிழன்பர்களுக்கும், தில்லியில் டூரண்டுக் கோப்பைப் பந்தயங்களைக் கண்டு களித்தவர்களுக்கும் இதனை நான் விளக்க வேண்டுவதில்லை. ஆனால் இன்று நான் சொல்ல வந்தது வேறொரு கால்பந்தைப் பற்றியது. அமெரிக்கர் தங்கள் நாட்டில் ‘ஃபுட்பால்’ என்று அழைக்கும் ஆட்டம் பெயரளவில்தான் காலைச் சேர்ந்தது. பெரும்பகுதி கையால் ஆடப்படுவது. நாம் அறிந்த ஆட்டத்துக்கோ அவர்கள் ‘சாக்கர்’ என்று வேறு பெயர் வைத்துவிட்டார்கள். அந்த அமெரிக்கக் கால்பந்தில், 1951-ஆம் ஆண்டில், ஒரு சிறிய சர்வகலாசாலையின் மாணவர் கோஷ்டி ஆடிய ஒரு பருவத்தின் வரலாறே இப்பேச்சின் பொருள்.

ஆட்டத்தின் விதிகளை இரண்டொரு வாக்கியங்களில் சொல்லிவிடுகிறேன். உரித்த தேங்காயை இரு முனையிலும் பிடித்துச் சற்றே இழுத்து நீட்டினாற்போன்ற வடிவமுள்ளது பந்து. ஆடுகளம் நூறு கஜ நீளம். பந்தை வைத்திருக்கும் கோஷ்டிக்கு நான்கு வாய்ப்புகள் உண்டு. அவற்றுக்குள் பத்துக் கஜமேனும் முன்னேறிவிட்டால் மறுபடியும் நான்கு வாய்ப்புகள். இல்லாவிட்டால் பந்து எதிர்க்கட்சியிடம் போய்விடும். அந்தப் பத்துக் கஜத்தை அளப்பதற்கென்றே களத்தின் ஓரத்தில் இரண்டு கோல்களும் ஒரு சங்கிலியும் இருக்கும். பந்துடன் ஓடுபவனை, நம் சடுகுடுவில் பாடி வந்தவனை அமுக்குவதுபோல, எதிரிகள் கட்டிப் பிடித்து வீழ்த்தலாம். அத்தனை பேரையும் தப்பி எதிர்முனைக் கோட்டைக் கடந்தால் ஆறு புள்ளிகள். இவ்வளவு தெரிந்தால் இன்றைய கதைக்குப் போதும்.

அந்நாட்டில் இவ்வாட்டம் கல்லூரிகளோடு பின்னிப் பிணைந்தது. இலையுதிர் காலம் வந்துவிட்டால் சனிக்கிழமைதோறும் ஊர்ஊராக அரங்குகள் நிரம்பி வழியும். ஆயினும், நாட்டிலேயே தலைசிறந்த கல்லூரிக் கோஷ்டி எதுவென்று தீர்மானிக்க அக்காலத்தில் இறுதிப் பந்தயம் என ஒன்று கிடையாது. பத்திரிகை நிருபர்கள் ஒரு பக்கமும் பயிற்சியாளர்கள் மற்றொரு பக்கமும் வாக்களித்து, பருவம் முடியும்போது ஒரு பெயரை அறிவிப்பார்கள். அதற்குப் பின்னர், புத்தாண்டை ஒட்டிச் சில விழாப் பந்தயங்கள் நடைபெறும். இவற்றுக்கு ‘பவுல்’ என்று பெயர். பவுல் என்றால் கிண்ணம். கிண்ணம்போலக் கட்டப்பட்ட அரங்குகளிலிருந்து வந்த பெயர் இது. ஃப்ளாரிடாவில் ஆரஞ்சு விளைகிறதாகையால் அங்கே ஆரஞ்சுக் கிண்ணம்; லூயிசியானாவில் சர்க்கரைக் கிண்ணம்; டெக்ஸஸில் பருத்திக் கிண்ணம். பந்தயத்தில் வென்று இவற்றுக்குள் நுழைந்துவிட முடியாது. விழாக் குழுவினர் கல்யாணப் பத்திரிகை வைப்பதுபோல அழைப்பு அனுப்ப வேண்டும். அழைப்பு வந்தால் புகழோடு பெரும்பணமும் வரும்.

சான் பிரான்ஸிஸ்கோ சர்வகலாசாலை 1855-இல் சேசு சபைக் குருமார் நிறுவியது. சென்னை லயோலா கல்லூரியையும் திருச்சி சூசையப்பர் கல்லூரியையும் அறிந்த நமக்கு அச்சபையின் கல்விப் பணி புதிதன்று. ஆனால் கால்பந்து உலகில் அந்தச் சர்வகலாசாலை ஓர் ஏழை வீடு. நகரத்தின் கேஸார் அரங்கில் அவர்கள் ஆடினார்கள். அதே அரங்கில் தொழில்முறை ஆட்டக்காரர்களின் கோஷ்டியும் ஆடியதால், காசு கொடுத்து வருகிறவர்களில் பெரும்பாலோர் அந்தப் பக்கம் போய்விட்டார்கள். ஆண்டுதோறும் நஷ்டம். பக்கத்திலேயே இருந்த கலிபோர்னியா, ஸ்டான்போர்டு முதலிய பெரிய சர்வகலாசாலைகளோ அந்த ஆண்டு இவர்களோடு ஆடவில்லை. எதிரி கிடைக்காமல் ஒரே கல்லூரியோடு இரண்டு முறை ஆட வேண்டியதாயிற்று. ராணுவ முகாம், கடற்படைப் பயிற்சி நிலையம் ஆகியவற்றின் கோஷ்டிகளோடும் ஆடிப் பட்டியலை நிரப்பினார்கள்.

பயிற்சியாளர் ஜோ குஹாரிச் இரக்கம் பாராதவர். பருவம் தொடங்குமுன் தம் மாணவர்களை வட கலிபோர்னியாவில் வெயில் கொளுத்தும் கார்னிங் என்ற சிற்றூருக்கு அழைத்துச் சென்று வாட்டி எடுத்தார். அப்படி வாட்டப்பட்டவர்களுள் சிலரைப் பற்றிச் சொல்லாமல் மேலே போக மனம் வரவில்லை. ஜீனோ மார்ச்செட்டி, இத்தாலியிலிருந்து குடியேறிய பெற்றோரின் மகன். இரண்டாம் உலகப் போரில் ஐரோப்பாவில் போரிட்டுவிட்டு வந்து கல்லூரியில் சேர்ந்தவர். பாப் செயின்ட் கிளேர் என்ற மற்றொருவர் ஆறடி ஒன்பது அங்குல உயரம். இறைச்சியைச் சமைக்காமல் பச்சையாகவே உண்பார் என்று பெயர் வாங்கியவர். பிற்காலத்தில் டேலி சிட்டி என்னும் ஊரின் மேயராகவும் விளங்கினார். களத்தில் ஆடாத ஒருவரையும் குறிப்பிட வேண்டும். சர்வகலாசாலையின் விளையாட்டுச் செய்திகளைப் பத்திரிகைகளுக்கு எழுதி அனுப்பும் வேலையில் பீட் ரோஸெல் என்ற இளைஞர் இருந்தார். அவரிடம் பிறகு வருவோம்.

கோஷ்டியில் இருவர் கறுப்பினத்தவர். ஒருவர் ஆலி மாட்சன், டெக்ஸஸில் பிறந்தவர். மற்றவர் பர்ல் டோலர். டென்னஸியிலுள்ள மெம்ஃபிஸ் நகரத்தவர். தென் மாநிலங்களில் பிறந்த இருவரும் மேற்குக் கரைக்கு வந்து, சான் பிரான்ஸிஸ்கோ நகரக் கல்லூரியில் பயின்று, பின்னர் இங்கே சேர்ந்தவர்கள். மாட்சன் பந்தை ஏந்தி ஓடுவதில் நிகரற்றவர். டோலர் அப்படி ஓடி வருகிறவர்களைத் தடுத்து வீழ்த்துவதில் வல்லவர்.

பருவம் தொடங்கியது. முதல் நான்கு ஆட்டங்களில் எதிரிகள் யாவரும் சேர்ந்து பதினாறு புள்ளிகளே பெற்றார்கள். ஐந்தாவது ஆட்டத்துக்கு நாட்டின் மறுகோடியிலுள்ள நியூயார்க்குக்குச் சென்று, ஃபோர்தம் சர்வகலாசாலையைச் சந்தித்தார்கள். மேற்கே என்னதான் சாதித்தாலும் கிழக்கேயுள்ள பத்திரிகைகளின் கண்ணில் படாமல் பெயர் கிடைக்காது. தலைநகரில் ஒருமுறை பாடினால்தான் பாடகன் என்று ஒப்புக்கொள்வதில்லையா, அதுபோலத்தான். அன்றைய ஆட்டம் எளிதாக இருக்கவில்லை. ஆனால் எதிரிகள் உதைத்தனுப்பிய பந்தைப் பிடித்து மாட்சன் ஒருமுறை 94 கஜமும் மற்றொருமுறை 90 கஜமும் ஒரே ஓட்டமாக ஓடி எல்லையைக் கடந்தார். நூறு கஜக் களத்தில் இது எத்தகைய செயல் என்பதை நேயர்களே எண்ணிப் பார்க்கலாம். வழியில் பதினொருவர் வீழ்த்தக் காத்திருக்கிறார்கள் என்பதையும் சேர்த்து எண்ண வேண்டும். 32-க்கு 26 என்று சான் பிரான்ஸிஸ்கோ வென்றது.

அதே அக்டோபர் மாதத்தில் ஓக்லஹோமாவில் நடந்த ஓர் ஆட்டத்தில், டிரேக் சர்வகலாசாலையின் கறுப்பின ஆட்டக்காரர் ஜானி பிரைட் என்பவரை எதிர்க்கட்சியைச் சேர்ந்தவர் பந்து அவரிடம் இல்லாத வேளையிலேயே தாக்கித் தாடையை உடைத்தார். வரிசையாக எடுக்கப்பட்ட புகைப்படங்கள் அதனை நாடெங்கும் காட்டின. மாட்சனும் டோலரும் எந்தக் காலத்தில் களத்தில் இறங்கினார்கள் என்பதை இதிலிருந்து ஊகிக்கலாம்.

நவம்பரில் ஸ்டாக்டனிலுள்ள பசிபிக் கல்லூரியோடு நடந்த ஆட்டமே உண்மையான பரீட்சை. பசிபிக் கல்லூரி அவ்வாண்டு வலிமை மிக்க கோஷ்டி. வெல்பவருக்கு விழா அழைப்பு நிச்சயம் என்று ஊரெல்லாம் பேச்சு. முடிவு 47-க்கு 14. சான் பிரான்ஸிஸ்கோவுக்கே வெற்றி. எஞ்சியது ஒரே ஓர் ஆட்டம். லாஸ் ஏஞ்சலஸிலுள்ள லயோலா சர்வகலாசாலையை, பாஸடீனா நகரின் புகழ்பெற்ற ரோஸ் பவுல் அரங்கில் சந்தித்து, 20-க்கு 2 என்று வென்றார்கள். ஒன்பது ஆட்டங்கள், ஒன்பது வெற்றிகள். மாட்சன் அந்தப் பருவத்தில் ஓடிக் கடந்த தூரம் 1,566 கஜம், நாட்டிலேயே முதலிடம். எல்லைக் கோட்டை இருபத்தொரு முறை கடந்திருந்தார்.

இனிப் புத்தாண்டு அழைப்புக்காகக் காத்திருக்க வேண்டியதுதான். மயாமி நகரின் ஆரஞ்சுக் கிண்ணத்தார் இவர்களைக் கருதுகிறார்கள் என்று செய்தி வந்தது. அழைப்பு கிடைத்தால் சர்வகலாசாலையின் கடன் தீரும். அடுத்த ஆண்டும் கால்பந்து நடக்கும். ஆனால் கூடவே ஒரு நிபந்தனை வந்தது என்று அந்த ஆட்டக்காரர்கள் பிற்காலத்தில் பன்முறை சொல்லியிருக்கிறார்கள். கோஷ்டி வரலாம், மாட்சனும் டோலரும் வரக்கூடாது. கல்யாணப் பத்திரிகையை நீட்டிவிட்டு, வீட்டில் இருவரை மட்டும் விட்டுவிட்டு வாருங்கள் என்று சொன்னாற்போல.

இப்படி ஒரு நிபந்தனை அந்நாளில் வியப்புக்குரியதன்று. ஃப்ளாரிடாவில் உணவு விடுதியிலும் ரயில் வண்டியிலும் பள்ளிக்கூடத்திலும் கறுப்பினத்தார்க்கு வேறிடம் என்று சட்டமே வகுத்திருந்தது. பள்ளிகளில் அந்தப் பிரிவினை செல்லாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது 1954-இல். பொது இடங்களில் அதனை ஒழிக்கும் சட்டம் வந்தது 1964-இல். தெற்கே ஆடப் போகும் வடபுலக் கல்லூரிகள் தம்முடைய கறுப்பின ஆட்டக்காரரை ஊரிலேயே நிறுத்திவிட்டுப் போவது வழக்கமாயிருந்தது. அதற்குக் ‘கனவான்கள் ஒப்பந்தம்’ என்று ஒரு பெயரும் வைத்திருந்தார்கள். கனவான்கள்! இதற்கு மறுத்தவர்கள் இல்லாமல் இல்லை. 1946-இல் பென்சில்வேனியா மாநிலக் கல்லூரியினர் தம் தோழர் இருவரை விட்டுவிட்டு மயாமிக்குப் போக மாட்டோமென்று அந்த ஆட்டத்தையே கைவிட்டிருக்கிறார்கள்.

அமெரிக்கரைக் குறைகூறும் எண்ணம் எனக்கு இல்லை. நமக்கு இது புரியாத செய்தியுமன்று. சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் புனேயில், பல்வங்கர் பாலூ என்ற ஈடிணையற்ற கிரிக்கெட் பந்துவீச்சாளர், தாழ்த்தப்பட்ட குலத்தில் பிறந்த காரணத்தால், தேநீர் இடைவேளையில் அரங்கத்துக்கு வெளியே நின்று மண் குவளையில் தேநீர் அருந்த வேண்டியிருந்தது. உள்ளே பீங்கான் கோப்பையில் அருந்தியவர்கள் அவருடைய கோஷ்டியினரே. அவர் பந்துவீச்சால் வெற்றி பெற்றவர்களே. உடன் ஆடியவர்கள் அதைப் பார்த்துக்கொண்டு பேசாமல் இருந்தார்கள் என்பதுதான் அந்த வரலாற்றில் என்னை உறுத்தும் பகுதி.

ஆகையால்தான் சான் பிரான்ஸிஸ்கோ மாணவர்களின் விடை எனக்கு முக்கியமாகத் தோன்றுகிறது. அவர்களுக்கு இருபது, இருபத்திரண்டு வயது. போர் முனையிலிருந்து வந்தவர்கள் சற்று மூத்தவர்கள். விழாப் பந்தயத்தில் ஆடும் வாய்ப்பு வாழ்நாளில் இன்னொரு முறை கிட்டாது. போய் ஆடியிருந்தால் எவரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஊர் வழக்கம் அது. மாட்சனும் டோலருமே வழியை விட்டிருப்பார்கள். ஆனால் மற்றவர்கள் வேண்டாமென்று சொல்லிவிட்டார்கள். இதற்கு வாக்கெடுப்புக்கூடத் தேவைப்படவில்லை என்று மார்ச்செட்டி முதலியோர் முதுமையில் நினைவுகூர்ந்தார்கள். இருவரும் இல்லாமல் நாங்கள் இல்லை என்பதற்கு மேல் பேச்சு எழவில்லையாம். ஏதோ வீரச்செயல் புரிந்துவிட்டதாக அவர்கள் அன்று நினைத்ததாகவும் தெரியவில்லை.

மறுபக்கத்து வாதத்தையும் சொல்லிவிட வேண்டும். இவர்கள் ஆடியது எளிய எதிரிகளோடு. அதனால்தான் அழைப்பு வரவில்லை என்று கூறுவோர் உண்டு. எதிரிகளில் பலர் எளியவர்கள் என்பது மெய்யே. ஆனால் இவர்களிடம் 33 புள்ளி வித்தியாசத்தில் தோற்ற பசிபிக் கல்லூரிக்கு அவ்வாண்டு டெக்ஸஸில் சூரியக் கிண்ணப் பந்தயத்துக்கு அழைப்பு வந்தது! தோற்றவனுக்குப் பந்தியில் இலை. வென்றவனுக்கு வாசலில்கூட இடமில்லை. அந்த வாதம் இங்கே எப்படி நிற்கும் என்பது எனக்கு விளங்கவில்லை.

நிருபர்களின் இறுதிப் பட்டியலில் சான் பிரான்ஸிஸ்கோவுக்குப் பதினான்காம் இடம். தேசிய வெற்றியாளர் என்ற பட்டம் டென்னஸி சர்வகலாசாலைக்குப் போயிற்று. பட்டத்தை ஏந்திக்கொண்டு புத்தாண்டன்று சர்க்கரைக் கிண்ணப் பந்தயத்துக்குச் சென்ற டென்னஸி, மேரிலாண்டிடம் 28-க்கு 13 என்று தோற்றது. வாக்குகள் ஏற்கெனவே எண்ணப்பட்டுவிட்டதால் பட்டம் மட்டும் பத்திரமாக இருந்தது.

சில வாரங்களில் சான் பிரான்ஸிஸ்கோ சர்வகலாசாலை முதல்தரக் கால்பந்தாட்டத்தையே கைவிட்டது. பணமில்லை. இப்படி, நாட்டின் தலைசிறந்த கோஷ்டிகளுள் ஒன்று, ஒரு தோல்வியையும் காணாமலே கலைந்துபோயிற்று. குஹாரிச் தொழில்முறைக் கோஷ்டி ஒன்றுக்குப் பயிற்சியளிக்கச் சென்றார். மாணவர்களில் பலரும் தொழில்முறை ஆட்டத்துக்குள் புகுந்தார்கள். மாட்சன், மார்ச்செட்டி, செயின்ட் கிளேர் ஆகிய மூவருடைய பெயர்களும் அந்த ஆட்டத்தின் தேசியப் புகழ் மன்றத்தில் இன்று பொறிக்கப்பட்டுள்ளன.

மாட்சனைப் பற்றி இன்னொரு செய்தி. 1952-ஆம் ஆண்டுக் கோடையில் அவர் ஹெல்சிங்கி ஒலிம்பிக் பந்தயங்களுக்குச் சென்று, 400 மீட்டர் ஓட்டத்தில் வெண்கலமும், தொடரோட்டத்தில் வெள்ளியும் பெற்றார். நம் நாட்டு வீரர்களும் அங்கே இருந்தார்கள். ஹாக்கியில் தங்கமும், மல்யுத்தத்தில் காஷாபா ஜாதவ் வழியாக வெண்கலமும் நமக்குக் கிடைத்தன. நம் கால்பந்துக் கோஷ்டியோ, பலர் வெறுங்காலுடன் ஆடி, யுகோஸ்லாவியாவிடம் 10-க்கு 1 என்று தோற்றுத் திரும்பியது. அதனை மறந்துவிடுவதே நலம்.

டோலரின் கதை வேறு. அதே கோடையில் சிகாகோவில் நடந்த ஒரு காட்சிப் பந்தயத்தில் அவருடைய முழங்கால் முறிந்துபோயிற்று. தொழில்முறைக் கோஷ்டி ஒன்று அவரைத் தேர்ந்தெடுத்திருந்தும், ஓர் ஆட்டமும் ஆடாமலே அந்த வாழ்வு முடிந்தது. அவர் சான் பிரான்ஸிஸ்கோவில் பள்ளி ஆசிரியரானார். பிறகு அதே பள்ளிக்குத் தலைமையாசிரியருமானார்; அந்நகரின் உயர்நிலைக் கல்வியில் அந்தப் பதவியை வகித்த முதல் கறுப்பினத்தவர் அவரே. இன்று அந்தப் பள்ளி வளாகத்துக்கு அவர் பெயர். ஓய்வு நாட்களில் ஆட்டங்களுக்கு நடுவராகச் சென்று வந்தார்.

செய்தி எழுதிக்கொண்டிருந்த பீட் ரோஸெலிடம் வருவோம் என்று சொன்னேன் அல்லவா? அந்த இளைஞர் 1960-இல், தம் முப்பத்து மூன்றாம் வயதில், அமெரிக்கத் தேசியத் தொழில்முறைக் கால்பந்து சங்கத்தின் தலைமை ஆணையர் ஆனார். அவர் தலைமையில் 1965-இல் அச்சங்கம் தன் முதல் கறுப்பின நடுவரை நியமித்தது. நியமனம் பெற்றவர் பர்ல் டோலர். களத்தின் ஓரத்தில் நின்று, எல்லைக் கோட்டையும், அந்தப் பத்துக் கஜச் சங்கிலியையும் கண்காணிக்கும் நடுவர் பதவி அது. இருபத்தைந்து பருவங்கள் அவர் அப்பணியைச் செய்தார்.

1980-ஆம் ஆண்டு ஜனவரி மாதத்தில் சங்கத்தின் மாபெரும் இறுதிப் பந்தயம், சூப்பர் பவுல் என்பது, பாஸடீனா நகரில் நடந்தது. பார்க்க வந்தவர்கள் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள். பிட்ஸ்பர்க் கோஷ்டியும் லாஸ் ஏஞ்சலஸ் கோஷ்டியும் மோதின. கறுப்பும் வெள்ளையுமாகக் கோடிட்ட நடுவர் சட்டையை அணிந்து, சங்கிலிக்காரர்களை முன்னே அனுப்பிவிட்டு, பர்ல் டோலர் களத்துக்குள் வந்தார். சூப்பர் பவுல் பந்தயத்தில் கறுப்பினத்தவர் ஒருவர் நடுவராகப் பணியாற்றியது அதுவே முதன்முறை. அரங்கம் ரோஸ் பவுல். 1951-ஆம் ஆண்டு நவம்பரில் அவரும் மாட்சனும் மார்ச்செட்டியும் லயோலாவை 20-க்கு 2 என்று வென்று, தங்கள் கடைசி ஆட்டத்தை ஆடி முடித்த அதே புல்தரை.